உங்களுக்குத் தெரியுமா? தீவு இந்தோனேசியாவில், மொழியின் சொந்தம் பிலிப்பைன்ஸில்

இந்தோனேசியாவின் வடக்கு சுலவேசியில், கோத்தமொபாகு நகரையும் அதைச் சுற்றியுள்ள ஊர்களையும் தாயகமாகக் கொண்ட மொழி மொங்கொண்டோவ். இதுவும், இந்தோனேசிய மொழிக்கு அடிப்படையான மலாயும் ஆஸ்திரோனேசியக் குடும்பமே. ஆனால் நெருங்கிய உறவு கடலுக்கு அப்பாலுள்ள பிலிப்பைன்ஸ் மொழிகளோடுதான். எண்ணிப் பார்த்தாலே ஒற்றுமை தெரியும். நாலு, ஐந்து, ஆறு, ஏழு என்பவை பிலிப்பைன்ஸின் தகலோகு மொழியில் ஆபாட், லிமா, ஆனிம், பீத்தோ. மொங்கொண்டோவில் ஓபாட், லிமா, ஓனொம், பித்து. ஒரே வீட்டுப் பிள்ளைகள்!

வேர்ச்சொல்லின் முன்னும் பின்னும், சில சமயம் நடுவிலும்கூட ஒட்டுகளைச் செருகிப் புதுப்பொருள் தருவது மொங்கொண்டோவின் இயல்பு. அந்த மண்ணின் புகழ்பெற்ற முழக்கத்தையே பாருங்கள்: ‘மொதொதொம்பியான், மொதொதாபியான், போ மொதொதானோபான்.’ ஒருவரையொருவர் மேம்படுத்துவோம், நேசிப்போம், நினைத்திருப்போம் என்று பொருள். ‘தாபி’ என்றால் அன்பு. அதன் முன்னே ‘மொதொ’, பின்னே ‘ஆன்’ சேர்ந்ததும் அது இருவழி அன்பாகிறது. தமிழில் ‘ஒருவரையொருவர்’ என்று தனியே சொல்வதை இங்கே ஒட்டுகளே சொல்லிவிடுகின்றன. என்ன அழகு!

டச்சு மிஷனரி டூனெபியர் தொகுத்த இம்மொழி அகராதி 1951-இல் வெளிவந்தது. இன்று கடைத்தெருவிலும் பள்ளியிலும் வட்டார மலாய் வழக்கான மனாடோ மலாயும் இந்தோனேசிய மொழியும் முந்திக்கொள்ள, இளையவர்களிடம் மொங்கொண்டோவ் குறைந்துவருவது வருத்தம் தருகிறது.