கத்தரி வெயிலில் கவசச் சட்டை

மே மாதம், பகல் இரண்டு மணி. தாம்பரத்தைத் தாண்டிச் செங்கற்பட்டை நோக்கிப் போகும் சாலையில் கானல் நீர் தளதளக்கிறது. மோட்டார் சைக்கிளில் ஒரு வாலிபர் பறந்துகொண்டிருக்கிறார். தலையில் ஹெல்மெட் இருக்கிறது, சட்டம் இருக்கிறதே! ஆனால் உடம்பில் மெல்லிய பருத்திச் சட்டை. அதிலும் மேல் பொத்தான்கள் இரண்டு திறந்திருக்கின்றன. தீபாவளிக்கு ஆசையோடு வாங்கிய தடித்த ஜாக்கெட் ஒன்று அவர் வீட்டில், கதவுக்குப் பின்னால், ஆணியில் தொங்குகிறது. மார்கழியில் பத்து நாள் அதை அணிந்தார். பொங்கல் கழிந்ததும் அது ஆணிக்குப் போயிற்று. அடுத்த மார்கழிக்குத்தான் இனி இறங்கும்.

அவரைக் குறை சொல்லிப் பயனில்லை. தடித்த கறுப்புத் தோலும், உள்ளே பஞ்சு அடைத்த துணியுமாக இருந்தால் சித்திரை வெயிலில் யார்தான் அணிவார்கள்? மோட்டார் சைக்கிள் ஜாக்கெட் என்பது குளிர் தேசத்தில் பிறந்த உடுப்பு. குளிரையும் மழையையும் தடுப்பதற்காகத் தோன்றி, பிறகு அடிபடாமல் காப்பதையும் தன் வேலையாக ஏற்றுக்கொண்டது. (பெயரிலேயே கூடச் சங்கடந்தான். "ஜாக்கெட் வாங்கப் போகிறேன்" என்று மகன் சொன்னால், "எந்தத் தையற்காரரிடம்?" என்று கேட்கும் பாட்டிமார்கள் இன்னும் நம் வீடுகளில் இருக்கிறார்கள்.) நம் ஊருக்கு எந்த ஜாக்கெட் நல்லது என்று கேட்பவர், "எது மிகவும் கெட்டியானது?" என்று கேட்பதைவிட, "மே மாதம் பகல் இரண்டு மணிக்கும் எதைக் கழற்றாமல் இருப்பேன்?" என்று தம்மையே கேட்டுக்கொள்வது நல்லது.

இப்படி யோசிப்பதற்கு அவசியம் இருக்கிறது. 2022-ஆம் ஆண்டில் இந்தியச் சாலைகளில் மாண்டவர்கள் 1,68,491 பேர் என்று மத்திய அரசின் கணக்குச் சொல்கிறது. அவர்களில் நூற்றுக்கு 44 பேருக்கு மேல் இரு சக்கர வாகனங்களில் சென்றவர்கள். லாரியில் மோதினால் எந்த ஜாக்கெட்டும் காப்பாற்றாது. இதை ஒளிக்காமல் சொல்லிவிட வேண்டும். ஆனால் மணலில் சக்கரம் வழுக்கி, சாலையில் தேய்ந்துகொண்டே பத்து இருபது அடி போகும் விபத்துகளும் ஏராளம். அங்கேதான் ஜாக்கெட்டின் உபயோகம்.

சாலை ஓர் அரம். அது துணியை எவ்வளவு விரைவில் தின்னும் என்பதை அளக்க ஓர் இயந்திரம் இருக்கிறது. இங்கிலாந்தில் கேம்பிரிட்ஜ் பல்கலைக் கழகத்தில் ராடரிக் உட்ஸ் என்ற ஆராய்ச்சியாளர் உருவாக்கியது. உப்புத்தாள் போன்ற சொரசொரப்பான நாடா ஒன்று மணிக்குச் சுமார் 28 கிலோமீட்டர் வேகத்தில் ஓடிக்கொண்டிருக்கும். அதன்மீது துணியைப் போட்டு, ஓட்டை விழ எத்தனை நொடி ஆகிறது என்று பார்ப்பார்கள். சாதாரணச் சட்டைத் துணி ஒரு நொடி கூட நிற்பதில்லை. 2002-இல் வந்த ஐரோப்பியத் தர விதியின் முதல் நிலைக்கு, அடிபடும் இடங்களில் உள்ள துணி 4 நொடியாவது தாங்க வேண்டியிருந்தது. இரண்டாம் நிலைக்கு 7 நொடி. கேட்பதற்கு அற்பமாகத் தோன்றும். ஆனால் கீழே விழுந்தவருக்கு அந்த மூன்று நான்கு நொடிதான் தோல் மிஞ்சுவதற்கும் உரிந்துபோவதற்கும் உள்ள வித்தியாசம்.

ஆஸ்திரேலியா காட்டும் வழி

வெயிலுக்கும் பாதுகாப்புக்கும் உள்ள பூசலை மிகவும் சிரத்தையாக ஆராய்ந்திருப்பது ஆஸ்திரேலியா. அங்கும் கோடை கொளுத்துகிறது; அங்கும் வாலிபர்கள் ஜாக்கெட்டை வீட்டில் விட்டுவிட்டுப் போகிறார்கள். அந்நாட்டில் கான்பெரா வட்டாரத்தில் விபத்துக்குள்ளான 212 பேரை விசாரித்து, லிஸ் டி ரோம் என்ற ஆராய்ச்சியாளரும் அவருடைய குழுவினரும் 2011-இல் முடிவுகளை வெளியிட்டார்கள். மோட்டார் சைக்கிளுக்கென்றே தைத்த ஜாக்கெட்டை அணிந்தவர்கள் ஆஸ்பத்திரியில் சேரும்படி நேர்ந்தது மற்றவர்களைவிட 21 சதவீதம் குறைவு. கால்சராய்க்கு 51 சதவீதம், கையுறைக்கு 59 சதவீதம்! ஜாக்கெட்டுக்குப் பணத்தைக் கொட்டிவிட்டுக் கையுறையை மறந்துவிடுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும்.

அதே ஆராய்ச்சியில் மனத்தை உறுத்தும் விஷயம் ஒன்றும் வெளிவந்தது. விபத்தில் சிக்கிய ஜாக்கெட்டுகளில் நூற்றுக்கு முப்பது கிழிந்தோ, தையல் விட்டோ, தேய்ந்தோ போயின. கடையில் 'மோட்டார் சைக்கிள் ஜாக்கெட்' என்று பெயர் சொல்லி விற்றால் மட்டும் போதாது என்பது இதிலிருந்து விளங்கும்.

பிறகு 2018-இல் ஆஸ்திரேலியாவும் நியூசிலாந்தும் சேர்ந்து 'மோட்டோகேப்' என்ற திட்டத்தைத் தொடங்கின. கடைகளில் யாரோ வாடிக்கையாளர் போலப் போய் ஜாக்கெட்டுகளை விலைக்கு வாங்கி, பரிசோதனைச் சாலையில் தேய்த்து, கிழித்து, இடித்துப் பார்த்து நட்சத்திரம் வழங்குகிறார்கள். விசேஷம் என்னவென்றால், பாதுகாப்புக்கு ஒரு மதிப்பெண், வியர்வையை எவ்வளவு வெளியே விடுகிறது என்பதற்குத் தனியாக ஒரு மதிப்பெண். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம். காற்றோட்டத்தில் கெட்டிக்காரர்களான பல வலைத்துணி ஜாக்கெட்டுகள் பாதுகாப்பில் தேறவில்லை. 'ஜில்லென்று இருக்கும்' என்ற சொல்லுக்கு மயங்குகிறவர்கள் யோசிக்க வேண்டிய சங்கதி இது.

வியர்வையின் வேலை

சரீரத்தைக் குளிர வைப்பது வியர்வை அல்ல, வியர்வை ஆவியாவதுதான். ஒரு லிட்டர் வியர்வை ஆவியாகும்போது உடம்பிலிருந்து சுமார் 580 கிலோ கலோரி உஷ்ணத்தை எடுத்துக்கொண்டு போகிறது. வழிந்து இடுப்புக்கு இறங்கும் வியர்வையால் ஒரு பயனும் இல்லை. சென்னை, நாகப்பட்டினம் போன்ற கடலோர ஊர்களில் காற்றிலேயே ஈரம் மிகுதி. வியர்வை எளிதில் உலராது. ஆகவே காற்று தாராளமாக உள்ளே புகுந்து முதுகு வழியாக வெளியேறும் ஜாக்கெட்தான் அங்கே வேண்டும்.

வேலூர், திருச்சி பக்கம் கதை வேறு. நம் தோலின் உஷ்ணம் சுமார் 35 டிகிரி. காற்று 40 டிகிரிக்கு மேல் போய்விட்டால், வேகமாக அடிக்கும் காற்று உடம்பைக் குளிர்விப்பதை விட்டுச் சுட ஆரம்பித்துவிடும். கொல்லன் துருத்திக்கு முன்னால் நிற்பதுபோல. அப்போது எல்லாத் திறப்புகளையும் அகலத் திறந்து வைப்பது புத்திசாலித்தனம் அல்ல. உள் பனியனை நனைத்துப் பிழிந்து போட்டுக்கொண்டு, காற்றுத் திறப்புகளைச் சற்றே குறைத்துக்கொண்டால், ஈரம் மெல்ல உலர்ந்து நெடுநேரம் இதமாக இருக்கும். சென்னையிலேயே 2003 மே 31-ந் தேதி நுங்கம்பாக்கத்தில் 45 டிகிரி பதிவாகியிருக்கிறது என்பதால், கடலோரத்துக்காரர்களும் இந்த யுக்தியைத் தெரிந்து வைத்திருப்பது நல்லது. தண்ணீர் குடிப்பதைச் சொல்லவே வேண்டாம்.

எந்தத் துணி?

ஆம்பூரும் வாணியம்பாடியும் ராணிப்பேட்டையும் இருக்கிற நாட்டில் தோலைப் பற்றித் தாழ்வாகப் பேச முடியாது. தேய்மானத்தைத் தாங்குவதில் நல்ல மாட்டுத் தோலுக்கு இணை குறைவு. சிறு துளைகள் இட்ட தோல் ஓரளவு காற்றும் விடும். ஆனால் கனம், வியர்வை ஊறினால் துர்நாற்றம், துவைக்கவும் முடியாது. தினந்தோறும் அலுவலகம் போய்வருபவருக்கு ஒத்துவராது.

பாலியெஸ்டர், நைலான் துணிகள் இலேசானவை. ஆயினும் சாதாரண வலைத்துணி, சாலையில் தேயும் சூட்டில் இளகி அறுந்துவிடக் கூடும். 1965-இல் அமெரிக்காவில் ஸ்டெபனி குவோலெக் என்ற பெண் ரசாயன நிபுணர் கண்டுபிடித்த நாரிலிருந்து பிறந்த கெவ்லார் போன்றவை அப்படி இளகுவதில்லை, விலைதான் இளகாது.

நடைமுறைக்கு உகந்த வழி கலப்பு உடுப்புதான். விழுந்தால் முதலில் சாலையைத் தொடுவது தோள், முழங்கை, முன்கையின் வெளிப்புறம், முதுகின் மேற்பகுதி. அங்கெல்லாம் நெருக்கமாக நெய்த கெட்டித் துணியோ தோலோ இருக்கட்டும். மார்பிலும் கையின் உட்புறத்திலும் அக்குளுக்குக் கீழும் வலைத்துணி இருந்தால் பாதகம் இல்லை. ஐரோப்பாவில் 2020-இல் வந்த 'ஈ.என். 17092' என்ற விதியும் உடுப்பை இப்படித்தான் மண்டலம் மண்டலமாகப் பிரித்துச் சோதிக்கிறது. தோள் முதல் கை வரை முழுவதும் வலையாகவே தைத்ததைக் கையில் எடுத்தால், அப்படியே திருப்பிக் கொடுத்துவிடலாம்.

கடையில்

தந்தையும் மகனுமாகக் கடைக்குப் போனால் பேச்சு அநேகமாக இப்படித்தான் இருக்கும்.

"ஏன் தம்பி, இதைப் போட்டுக்கொண்டு போனால் பையன் வெயிலில் அவிந்துவிட மாட்டானா?"

"ஊதிப் பாருங்கள் சார், காற்று அந்தப் பக்கம் வரும். சி.இ. முத்திரை கூட இருக்கிறது சார்!"

"அப்பா, சி.இ. இருக்கிறதாம், எடுத்துவிடலாம்" என்று மகன் அவசரப்படுவான். இங்கேதான் நிதானம் வேண்டும். முத்திரை எதில் இருக்கிறது? பல ஜாக்கெட்டுகளில் தோளிலும் முழங்கையிலும் செருகிய பட்டைகளுக்கு மட்டுமே அந்த முத்திரை, உடுப்புக்கு இல்லை. உட்புறத்தில் தைத்திருக்கும் சீட்டைப் புரட்டி, 17092 என்ற எண்ணும் அதனோடு 'ஏ', 'ஏஏ', 'ஏஏஏ' என்ற வகுப்பும் இருக்கின்றனவா என்று பார்க்க வேண்டும். ஊருக்குள் மட்டும் ஓட்டுபவருக்கு 'ஏ' போதலாம். நெடுஞ்சாலையில் போகிறவருக்கு 'ஏஏ' உத்தமம். 'ஏஏஏ' மிகவும் கெட்டி. ஆனால் நம் வெயிலில் ஆணிக்குப் போகும் அபாயமும் அதற்கே அதிகம்.

அடுத்தது பட்டைகள். 5 கிலோ எடையை ஒரு மீட்டர் உயரத்திலிருந்து போட்டாற்போன்ற அடியில், எவ்வளவு விசை மறுபுறம் வருகிறது என்று அளந்து 1, 2 என்று தரம் பிரிக்கிறார்கள். இரண்டாம் தரம் மேலானது. மெத்தென்று இருந்து அடிபட்டதும் விறைக்கும் நவீனப் பட்டைகளில் சில, உஷ்ணம் ஏறினால் இளகிப் பலம் குறையும். ஆகவே 40 டிகிரியிலும் சோதித்ததற்கு அடையாளமாக, 'டெம்பரேச்சர்' என்ற சொல்லின் முதல் எழுத்தும் கூட்டல் குறியும் பட்டையில் அச்சாகியிருக்கிறதா என்று தேட வேண்டும். நம் ஊருக்கு இந்தச் சின்னஞ்சிறு குறி மிகவும் முக்கியம். இத்தனை இருந்தாலும் பட்டை சதையைக் காக்கும் அளவுக்கு எலும்பைக் காக்கும் என்று எண்ணிவிடலாகாது.

முதுகுப் பையில் கைவிட்டுப் பார்ப்பது அவசியம். அநேக ஜாக்கெட்டுகளில் அங்கே இருப்பது வெறும் நுரைத் துண்டு, தலையணைக்குத்தான் லாயக்கு. நல்ல முதுகுப் பட்டை ஒன்றைத் தனியாக வாங்கிச் செருக வேண்டியிருக்கும் என்று கணக்கில் வைத்துக்கொள்வது நல்லது.

போட்டுப் பார்க்கும்போது கண்ணாடி முன் நிமிர்ந்து நின்றால் ஒன்றும் தெரியாது. வண்டியில் உட்கார்ந்து கைப்பிடியைப் பிடிப்பதுபோல் கைகளை நீட்ட வேண்டும். கை மணிக்கட்டு வரை வருகிறதா? முழங்கைப் பட்டையைப் பிடித்துத் திருகினால் அது பக்கவாட்டில் ஓடுகிறதா? ஓடினால் விழும்போதும் ஓடும். 'காற்றோட்டமாக இருக்கட்டும்' என்று ஒரு சுற்றுப் பெரிதாக எடுப்பது நம்மவர் வழக்கம். கல்யாணச் சட்டைக்கு அது சரி, இதற்குக் கூடாது.

நிறத்திலும் ஒரு வார்த்தை. கறுப்பு வெயிலை உறிஞ்சும். வெளிர் சாம்பல் உஷ்ணத்தைக் குறைக்கும். நியூசிலாந்தில் ஆக்லண்டில் நடந்து 2004-இல் வெளியான ஆராய்ச்சியில், பளிச்சென்று ஒளிரும் உடுப்பு அணிந்தவர்களுக்கு விபத்துக் காயம் நேரும் வாய்ப்பு 37 சதவீதம் குறைவாக இருந்தது. மழைக்கென்று உள்ளே தைத்த பிளாஸ்டிக் உறை நமக்கு வேண்டாம். ஐப்பசி மழையில் மேலே ஒரு மழைக்கோட்டுப் போட்டுக்கொண்டால் போயிற்று.

துணி ஜாக்கெட்டானால், வெயில் காலத்தில் வாரம் ஒரு முறை பட்டைகளை உருவிவிட்டுக் குளிர்ந்த நீரில் அலசி, நிழலில் உலர்த்த வேண்டும். வியர்வை உப்புத் தையல் நூலுக்குப் பகை. பட்டைகளையும் மொட்டை மாடி வெயிலில் காயப் போடலாகாது.

பணம் கொடுத்துவிட்டுப் புறப்படும்போது தந்தை ஒரு கேள்வி கேட்கக் கூடும்: "பின்னால் உட்கார்ந்து வருகிறவர்களுக்கு?" நியாயமான கேள்வி. பின்னால் இருப்பவரும் அதே வேகத்தில், அதே சாலையில்தான் விழுகிறார். அம்மாவுக்கும் மருமகளுக்கும் புடவைமேல் அணியத் தக்க சிறிய அளவுகள் இன்று கிடைக்கின்றன. அவற்றிலும் சீட்டைப் புரட்டி, முதுகுப் பையில் கைவிட்டுத்தான் வாங்க வேண்டும்.