துறவியின் உடையில் ஒரு நடிகர்

பிரெஞ்சுத் திரையுலகில் ஒரு குருவோ, மடாதிபதியோ, கர்தினாலோ தேவைப்பட்டால் இயக்குநர்கள் தேடிச் செல்லும் நடிகர் ஒருவர் இருந்தார். பருத்த உடல், தாடி, அவசரமறியாத தாழ்ந்த குரல். மைக்கேல் லோன்ஸ்டேல் என்பது அவர் பெயர். 1962-இல் ஆர்சன் வெல்சின் 'விசாரணை'யில் குருவாகவும், 1986-இல் 'ரோஜாவின் பெயர்' படத்தில் மடாதிபதியாகவும் தோன்றினார். இடையே 1979-இல் ஜேம்ஸ் பாண்டுக்கு எதிரியாக, மானிட இனத்தையே அழிக்க முனையும் கொடியவனாகவும் நடித்தார். உலகின் பெரும்பாலோர் அவரை அறிந்தது அந்த வேடத்தினால்தான் என்பது சற்று வேடிக்கையே!

1931-இல் பாரிசில், ஆங்கிலேயத் தந்தைக்கும் பிரெஞ்சுத் தாய்க்கும் பிறந்தவர். போர்க்காலத்தில் குடும்பம் மொராக்கோவில் தங்கியிருந்தது. இறைவனைப்பற்றி அங்கே தம்மிடம் பேசியவர் ஓர் இசுலாமியர் என்பதைப் பிற்காலத்தில் அவர் நன்றியோடு நினைவுகூர்ந்தார். 1947-இல் பாரிசுக்குத் திரும்பி, தானியா பலஷோவா என்னும் ஆசிரியையிடம் நடிப்புப் பயின்றார். கூச்ச சுபாவம் மிகுந்த இளைஞருக்கு அது எளிதாய் இருக்கவில்லை. தம் 22-ஆம் வயதில், தாமே விரும்பித் திருமுழுக்குப் பெற்றார்.

நாடகமேடையில் புதுமை எழுத்தாளர்களின் நாடகங்களையே அவர் பெரிதும் நாடினார். அவர்களுள் முதன்மையானவர் மார்கெரித் துராஸ். அவருடைய 'இந்தியா சாங்' (1975) நம் நாட்டுக் கல்கத்தாவைக் களமாகக் கொண்ட படம். ஆனால் படமாக்கப்பட்டதோ பிரான்சில்! அதில் லோன்ஸ்டேல், கைகூடாத காதலால் கதறி அழும் துணைத்தூதர். அக்காதலுக்குரிய பெண்ணாக நடித்தவர் தெல்பீன் செரிக். வாழ்விலும் தாம் நேசித்த ஒரே பெண் அவரே என்றும், அவர் தமக்குக் கிட்டாததாலேயே மணம் புரியவில்லை என்றும் 85-ஆம் வயதில்தான் லோன்ஸ்டேல் வெளியிட்டார். இதையறிந்தபின் அந்தக் கதறலை வெறும் நடிப்பென்று கேட்க இயலவில்லை.

அவருடைய நெடிய உழைப்பின் கனி முதுமையில்தான் முழுதாய்ப் பழுத்தது. அல்ஜீரியாவின் திபிரின் மடத்தைச் சேர்ந்த ஏழு துறவிகள் 1996 மார்ச் மாதம் ஆயுதமேந்தியோரால் கடத்தப்பட்டுக் கொல்லப்பட்டதை அறிவோம். ஆபத்து நெருங்குவதை உணர்ந்தும், அண்டை வீட்டாரான இசுலாமிய ஏழைகளை விட்டுப் பிரிய மறுத்தவர்கள் அவர்கள். அவர்களுள் மூத்தவர் சகோதரர் லூக், 82 வயது மருத்துவர். ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அவ்வூர் நோயாளரைப் பேணியவர். சேவியர் பூவுவா 2010-இல் எடுத்த 'மனிதரும் தெய்வங்களும்' படத்தில் லோன்ஸ்டேல் ஏற்றது அந்த லூக்கின் வேடம். படப்பிடிப்பு நடந்ததோ, அவர் சிறுவனாய்த் திரிந்த அதே மொராக்கோவில்!

சிகிச்சை அறைக்கு வெளியே, பெஞ்சில் அமர்ந்து, காதலென்றால் என்னவென்று வினவும் கிராமத்துப் பெண்ணுக்கு அவர் விடைகூறும் காட்சி ஒன்றுண்டு. அதில் போதனை ஏதுமில்லை. ஒரு பாட்டனார் பேத்தியிடம் மனந்திறந்து பேசுவது போலவே இருக்கும். மற்றொரு காட்சியில், சாட்டையடிபடும் கிறிஸ்துவின் ஓவியத்தின்மேல் முதியவர் தலைசாய்த்துக்கொள்கிறார். ஒரு சொல்லும் இல்லை. அத்தனை ஆண்டுக் குருவேடங்களில் நாம் கண்டிராத ஒன்று அந்த மௌனத்தில் இருந்தது.

கான் விழாவில் படம் பெரும்பரிசு பெற்றது. பிரான்சில் மட்டும் முப்பது இலட்சத்துக்கு மேற்பட்டோர் கண்டனர். 2011-இல், 79-ஆம் வயதில், துணைநடிகருக்கான செசார் விருது லோன்ஸ்டேலுக்குக் கிடைத்தது. அதுவே அவருக்குக் கிட்டிய முதல் செசார்.

2018 டிசம்பர் 8-ஆம் நாள் ஓரான் நகரில் சகோதரர் லூக்கும் அவருடைய தோழர்களும் அருளாளர்களாக அறிவிக்கப்பட்டனர். அவரை நமக்குக் காட்டிய நடிகர் அந்நாளைக் காண உயிரோடிருந்தார். 2020 செப்டம்பர் 21-இல் பாரிசில், தம் 89-ஆம் வயதில் காலமானார்.