20 ரூபாய்க்கு ‘புதுப்படம்’. பின்னாலேயே வரும் ஜெயில்!
காசில்லாமல் படம் பார்க்க நேர்வழி இருக்கு!

கே.ஜி.கண்டிகை, -

“அண்ணே, புதுப்படம் ஒண்ணு ஏத்திக் குடுங்க!”

திருத்தணி வட்டாரத்தில் செல்போன் கடை வைத்திருப்பவர்களுக்குப் பழகிப்போன குரல் இது. 20 ரூபாய் கைமாறும். தமிழ்ப்படம், தெலுங்குப்படம் எதுவானாலும் ‘மெமரி கார்டில்’ ஏறிவிடும்.

ஆனால் இது ஆளையே கவிழ்க்கும் வியாபாரம்!

குண்டர் சட்டம்

காப்புரிமைச் சட்டப்படி திருட்டு நகல் எடுத்து விற்றால் 6 மாதம் முதல் 3 ஆண்டு வரை சிறை. அபராதம் 50 ஆயிரம் முதல் 2 லட்சம் ரூபாய் வரை.

வாடிக்கையாகச் செய்பவர்கள் மீது குண்டர் சட்டமே பாயும். ‘திருட்டு வீடியோ’ ஆசாமிகளை 2004-ல் தமிழக அரசு இதில் சேர்த்தது. சிக்கினால் ஓராண்டு வரை உள்ளேதான்!

தியேட்டரில் படம் பிடித்தால் தண்டனை இன்னும் கடுமை. 2023-ல் திருத்தப்பட்ட சட்டப்படி 3 ஆண்டு வரை சிறை. அபராதம் 3 லட்சத்தில் தொடங்கி, தயாரிப்புச் செலவில் 5 சதவீதம் வரை போகும். 50 கோடி ரூபாய் படம் என்றால் இரண்டரைக் கோடி!

2024 ஜூலையில் திருவனந்தபுரம் தியேட்டரில் ‘ராயன்’ படத்தைத் திருட்டுத்தனமாகப் படம் பிடித்த மதுரை வாலிபர் கையும் களவுமாகப் பிடிபட்டார்.

பார்ப்பவருக்கும் ஆபத்து

‘இலவசப் படம்’ என்று வாட்ஸ்அப்பில் வரும் ‘ஏ.பி.கே.’ பைலைத் தொட்டால், படத்தோடு வைரசும் வரலாம். ஓ.டி.பி. எண்ணைத் திருடி, பேங்க் பணத்தைச் சுருட்டிவிடும் ஆப்களும் உண்டு. பணம் போனால் உடனே 1930-க்குப் போன் செய்ய வேண்டும்.

நேர்வழி என்ன?

காசில்லாதவர் என்ன செய்வது? வழி இருக்கு!

பிரசார் பாரதியின் ‘வேவ்ஸ்’ ஆப் 2024 நவம்பரில் வந்தது. இலவச நிகழ்ச்சிகள் ஏராளம். பட நிறுவனங்களே யூடியூப்பில் பழைய படங்களை முழுசாகப் போட்டிருக்கின்றன.

படிப்பவர்களுக்கு 1998-ல் தொடங்கிய ‘மதுரைத் திட்டம்’ இருக்கிறது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்நூலகமும் உண்டு. பாரதியார், கல்கி எழுத்துகள் நாட்டுடைமை. தாராளமாக இறக்கலாம், யாரும் கேட்கமாட்டார்கள்.

டைப் அடிக்கும் கடைக்காரருக்கு ‘லிப்ரே ஆபீஸ்’. தமிழிலும் ஓடும். சல்லிக்காசு வேண்டாம்.

ஆப் எதுவானாலும் ‘பிளே ஸ்டோரில்’ தயாரித்தவர் பெயரைப் பார்த்து இறக்குவதே நல்லது.

20 ரூபாய்க்கு ஆசைப்பட்டுக் கடையையே இழுத்து மூடலாமா?