இனிஷியலும் பன்னிரண்டு இலக்க எண்ணும்

குன்றத்தூர்க்காரரான சேக்கிழாருக்கு இயற்பெயர் அருண்மொழித்தேவர். சேக்கிழார் என்பது குடிப்பெயர். சோழ அரசில் பதவி வகித்தபோது கிடைத்த பட்டம் உத்தம சோழப் பல்லவராயர். இன்றைக்கு அவர் ஒரகடத்தில் ஒரு கம்பெனியில் வேலைக்குச் சேரப் போனால், ஹெச்.ஆர். கேட்கும் முதல் கேள்வி இதுவாகத்தான் இருக்கும்: "சார், ஆதார்ல எந்தப் பேரு இருக்கு?"

கேட்க வேடிக்கையா இருந்தாலும், குன்றத்தூர், மாங்காடு, படப்பை பக்கம் வாடகைக்குத் தங்கி, கம்பெனி பஸ் ஏறி இருங்காட்டுக்கோட்டைக்கும் ஸ்ரீபெரும்புதூருக்கும் போகிறவர்களுக்கு இந்தக் கேள்வி காசு சம்பந்தப்பட்டது. வேலைக்கான எண்கள் எப்படிக் கிடைக்கின்றன, அவை எங்கே சிக்குகின்றன, தமிழ்ப் பெயர் வைக்கும் முறைக்கும் அந்தச் சிக்கலுக்கும் என்ன தொடர்பு என்பதைப் பற்றியது இந்தக் குறிப்பு.

எந்த எண் எதற்கு?

வேலைக்குச் சேர்கிற ஒருவருக்கு நான்கு எண்கள் தேவைப்படுகின்றன. இவற்றைப் பலரும் ஒன்றோடொன்று குழப்பிக்கொள்கிறார்கள்.

ஆதார், 12 இலக்கம். நீங்கள் யார் என்று காட்டுவது. மற்ற மூன்றும் இதன் மேல்தான் நிற்கின்றன.

பான், 10 எழுத்தும் எண்ணும் கலந்தது. வருமான வரிக்கானது. நான்காவது எழுத்து 'பி' என்றால் தனிநபர். ஐந்தாவது எழுத்து உங்கள் கடைசிப் பெயரின் முதல் எழுத்து. இந்தக் 'கடைசிப் பெயர்' விஷயத்துக்குப் பிறகு வருகிறேன்.

யூ.ஏ.என்., இதுவும் 12 இலக்கம். வருங்கால வைப்பு நிதி, அதாவது பி.எஃப்.புக்கானது. கம்பெனி மாறினாலும் இது மாறக் கூடாது.

இ.எஸ்.ஐ. காப்பீட்டு எண், 10 இலக்கம். மாதச் சம்பளம் 21,000 ரூபாய் வரை உள்ளவர்களுக்கு மருத்துவமும், உடம்பு முடியாத நாட்களுக்கான பணமும் இதன் வழியாக வருகின்றன. இதுவும் ஆளோடு போகிற எண்தான்.

பிடித்தம் எவ்வளவு என்று பார்ப்போம். அடிப்படைச் சம்பளமும் பஞ்சப்படியும் சேர்த்து 15,000 ரூபாய் என்றால், உங்கள் பங்கு 12 சதவீதம், 1,800 ரூபாய். கம்பெனியும் அதே 1,800 போட வேண்டும். அதில் 1,250 ஓய்வூதியக் கணக்குக்கும், 550 உங்கள் பி.எஃப்.புக்கும் போகும். ஆக மாதம் 2,350 ரூபாய் பி.எஃப்.பில் சேர்கிறது. மூன்று வருஷத்துக்கு, வட்டி இல்லாமலே 84,600 ரூபாய். இ.எஸ்.ஐ.க்கு உங்கள் பங்கு 0.75 சதவீதம், கம்பெனி பங்கு 3.25 சதவீதம். 18,000 ரூபாய் வாங்குகிறவருக்கு மாதம் 135 ரூபாய் பிடிப்பார்கள், கம்பெனி 585 ரூபாய் கட்டும்.

இந்த எண் ஏன் வந்தது?

2014 வரை பி.எஃப். எண் கம்பெனியைச் சார்ந்தது. வேலை மாறினால் புது எண், புதுக் கணக்கு. பழைய கணக்கை மாற்றப் பழைய கம்பெனியின் கையெழுத்துக்கு அலைய வேண்டும். அலைய முடியாதவர்கள் அப்படியே விட்டுவிட்டார்கள். யூ.ஏ.என். 2014 அக்டோபரில் அறிமுகமானது. அடுத்த இரண்டே வாரத்தில், நவம்பர் 1-ஆம் தேதி, ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை உற்பத்தியை நிறுத்தியது. இரண்டுக்கும் நேரடித் தொடர்பு கிடையாது. ஆனால் எண் எதற்கு என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் இந்தப் பக்கத்தில் இல்லை. ஒரு பெரிய ஆலை மூடினால் அங்கிருந்தவர்கள் பத்து இருபது கம்பெனிகளுக்குச் சிதறிப் போவார்கள். அவர்களுடைய பழைய சேமிப்பும் கூடவே போக வேண்டும் இல்லையா?

இந்தத் தொழிற்சாலைப் பட்டையில் இன்னொரு வகை மாற்றமும் உண்டு. ஆள் அதே கேட்டுக்குள்தான் போவார், அதே லைனில்தான் நிற்பார். கான்ட்ராக்டர் மட்டும் மாறியிருப்பார். பி.எஃப். கணக்கைப் பொறுத்தவரை அவர் புது முதலாளியிடம் சேர்ந்தவர். புது உறுப்பினர் எண் விழும். யூ.ஏ.என்.னை ஒரு சாவி வளையம் மாதிரி நினைத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு கான்ட்ராக்டரிடமும் கிடைக்கும் உறுப்பினர் எண் ஒவ்வொரு சாவி. எல்லாம் ஒரே வளையத்தில் இருந்தால்தான் பயன்.

வளையத்தில் கோப்பதற்கு ஆதார், யூ.ஏ.என்., பான், வங்கிக் கணக்கு எல்லாவற்றிலும் பெயரும் பிறந்த தேதியும் ஒத்துப்போக வேண்டும். சிக்கல் இங்கேதான் ஆரம்பிக்கிறது.

அப்பா பெயர் கடைசிப் பெயரா?

அரசு எண் கொடுப்பது பெயர்க் குழப்பத்தைத் தவிர்க்கத்தான். அமெரிக்காவில் 1936-ல் சமூகப் பாதுகாப்பு எண் கொடுக்கத் தொடங்கியபோதும் தேவை இதுதான்: ஒரே பெயரில் ஆயிரம் பேர் இருப்பார்கள், யாருடைய சம்பளக் கணக்கு எது என்று பிரிக்க வேண்டும். எண் இருந்தால் பெயரைப் பற்றிக் கவலையில்லை. நம்ம ஊரில் அது தலைகீழ். எண்ணைப் பயன்படுத்துவதற்கே பெயர் எழுத்துக்கு எழுத்து பொருந்த வேண்டியிருக்கிறது.

தமிழ்நாட்டில் நமக்குக் குடும்பப் பெயர் கிடையாது. இதற்கு ஒரு வரலாறு உண்டு. இங்கிருந்து அதிக தூரமில்லாத செங்கல்பட்டில் 1929 பிப்ரவரியில் நடந்த சுயமரியாதை மாநாடு, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதைக் கைவிடச் சொல்லித் தீர்மானம் போட்டது. அதன் பிறகு இரண்டு மூன்று தலைமுறையில் சாதிப் பின்னொட்டு பெரும்பாலும் போய், இனிஷியலும் சொந்தப் பெயரும் மட்டும் நின்றன. வேறு எந்த மாநிலத்திலும் இந்த அளவுக்கு நடக்காத காரியம்.

ஆனால் படிவங்கள் முதல் பெயர், கடைசிப் பெயர் என்று இரண்டு கட்டத்தோடு வருகின்றன. பான் விண்ணப்பத்தில் பெயர்க் கட்டங்களில் இனிஷியல் போட முடியாது, விரித்து எழுதியாக வேண்டும். சங்கர் மகன் முருகன் என்று ஒருவரை வைத்துக்கொள்வோம். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் 'முருகன் எஸ்'. ஆதாரில் 'எஸ் முருகன்'. பானில் 'முருகன் சங்கர்'. வங்கியில் வெறும் 'முருகன்'. அம்மா அப்பாவுக்கு நாலும் ஒரே பிள்ளை. கணினிக்கு நாலு பேர்.

ஆங்கில எழுத்துக்கூட்டல் வேறு. தமிழ்ச்செல்வன் என்ற பெயரை 'டி' போட்டும் எழுதலாம், 'டி ஹெச்' போட்டும் எழுதலாம். 'ழ'வுக்கு 'இசட் ஹெச்' போடுபவரும் உண்டு, 'எல்' போடுபவரும் உண்டு. பள்ளிக்கூடத்தில் ஒரு வாத்தியார் ஒரு மாதிரி எழுதியிருப்பார், ஆதார் முகாமில் தட்டச்சு செய்தவர் வேறு மாதிரி அடித்திருப்பார்.

பெண்களுக்கு இது இரட்டைச் சுமை. பள்ளிச் சான்றிதழில் அப்பா இனிஷியல். கல்யாணத்துக்குப் பிறகு ஆதாரில் முகவரி மாற்றப் போகும்போது, கூடவே இனிஷியலும் கணவருடையதாக மாறிவிடும். எலக்ட்ரானிக்ஸ் ஆலைகளில் கல்யாணத்துக்கு முன் இரண்டு வருஷம், குழந்தை பிறந்த பிறகு மறுபடி சில வருஷம் என்று வேலை பார்க்கும் பெண்களுக்கு, பழைய பி.எஃப். ஒரு பெயரிலும் புதியது வேறு பெயரிலும் நிற்கும். கல்யாணமானால் பெயரையோ இனிஷியலையோ மாற்றியாக வேண்டும் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை. ஆதாரில் முகவரியை மட்டும் மாற்றிக்கொண்டு பெயரை அப்படியே விடலாம். பான் அட்டைக்கும் அப்பா பெயரே போதும்.

பொருந்தாவிட்டால் என்ன போகும்?

முதலில் பணம். 84,600 ரூபாய் பழைய எண்ணில் தேங்கி நிற்கும்.

இரண்டாவது வரி. ஐந்து வருஷத் தொடர் சேவை முடியாமல் 50,000 ரூபாயோ அதற்கு மேலோ பி.எஃப். எடுத்தால், பான் இணைத்திருந்தால் 10 சதவீதம் பிடிப்பார்கள். இல்லாவிட்டால் 20 சதவீதம். வருமானம் வரி வரம்புக்குக் கீழே என்று உறுதிமொழிப் படிவம் கொடுத்துப் பிடித்தத்தைத் தவிர்க்கலாம், அதற்கும் பான் வேண்டும். கணக்குகளை மாற்றிச் சேர்த்திருந்தால் பழைய கம்பெனியின் வருஷங்களும் அந்த ஐந்தில் கணக்காகும்.

மூன்றாவது ஓய்வூதியம். நான் பார்த்தவரை ஆட்கள் மிகக் குறைவாகக் கவனிக்கும் விஷயம் இது. 1995 ஓய்வூதியத் திட்டத்தில் மாத ஓய்வூதியம் பெற மொத்தம் 10 வருஷச் சேவை வேண்டும். ஒரே கம்பெனியில் என்று இல்லை. ஒரு கான்ட்ராக்டரிடம் 4, இன்னொருவரிடம் 3, வேறொரு கம்பெனியில் 4 என்றால் 11 வருஷம், தகுதி உண்டு. ஆனால் மூன்றும் சேர்ந்திருக்க வேண்டும். ஒவ்வொரு தடவை வேலை விடும்போதும் ஓய்வூதியப் பங்கையும் எடுத்துவிட்டால் கணக்கு மறுபடி பூஜ்யத்திலிருந்து தொடங்கும். அதை எடுக்காமல் சேவையைக் காப்பாற்றி வைக்கத் திட்டச் சான்றிதழ் வாங்கும் வழி உண்டு.

நான்காவது குடும்பம். வேலையில் இருக்கும்போது உறுப்பினர் இறந்துவிட்டால், ஒரு மாதப் பங்களிப்பு மட்டும் இருந்தாலும் துணைக்கு ஓய்வூதியம் உண்டு. பி.எஃப்.போடு இணைந்த காப்பீட்டில் அதிகபட்சம் 7 லட்சம் ரூபாய் வரை கிடைக்கும். இ.எஸ்.ஐ.யில் வேலையிட விபத்துக்கு முதல் நாளிலிருந்தே பாதுகாப்பு, இத்தனை நாள் கட்டியிருக்க வேண்டும் என்ற நிபந்தனை இல்லை. பிரஸ் மெஷினில் கை போன ஒருவருக்கும், கணவனை இழந்த ஒருத்திக்கும் பெயர்த் திருத்தத்துக்கு அலைகிற நேரமா அது?

எந்த வரிசையில் சரிசெய்வது?

முதலில் ஒரு பெயர் வடிவத்தை முடிவு செய்யுங்கள். பள்ளிச் சான்றிதழில் உள்ளதையே எடுத்துக்கொள்வது நல்லது, பிறந்த தேதிக்கும் அதுதான் ஆதாரம். அடுத்து ஆதார். ஆதாரில் பெயர் மாற்றம் பொதுவாக வாழ்நாளில் இரண்டு தடவைதான் அனுமதி, அதனால் அவசரப்பட்டு மாற்றாதீர்கள். பிறகு பான், வங்கி, கடைசியாக யூ.ஏ.என். இந்த வரிசையை மாற்றினால் ஒன்றைத் திருத்த மற்றொன்று கெடும்.

ஆதாரில் உள்ள கைபேசி எண் உங்கள் கையில் இருக்க வேண்டும். பீகாரிலிருந்தும் ஒடிசாவிலிருந்தும் வந்து இங்கே தங்கியிருக்கும் பலருக்கு அந்த எண் ஊரில் அப்பாவின் போனில் இருக்கும். ஓ.டி.பி. அங்கே போகும், ஆள் இங்கே நிற்பார்.

முதல்முறை வேலைக்குச் சேர்கிறவர் 2025 ஆகஸ்ட் முதல் யூ.ஏ.என்.னைத் தானே உமங் செயலியில் முகம் காட்டி உருவாக்க வேண்டும். முன்பு கம்பெனிதான் உருவாக்கும், எண் என்னவென்றே தொழிலாளிக்குத் தெரியாமல் போகும். இப்போது எண் உங்கள் போனுக்கே வருகிறது. ஏற்கெனவே எண் இருந்தால், "எனக்கு பி.எஃப். இல்லை" என்று சேர்க்கைப் படிவத்தில் எழுதிவிடாதீர்கள். பழைய எண்ணைக் கொடுங்கள்.

2017 அக்டோபர் 1-ஆம் தேதியோ அதற்குப் பிறகோ உருவாகி, ஆதாரோடு சரிபார்க்கப்பட்ட யூ.ஏ.என். என்றால், பெயர், பிறந்த தேதி, சேர்ந்த நாள், விலகிய நாள் போன்றவற்றை 2025 ஜனவரியிலிருந்து நீங்களே இணையத்தில் திருத்தலாம், கம்பெனி ஒப்புதல் வேண்டாம். அதற்கு முந்தைய எண் என்றால் கம்பெனி வழியாகத்தான். அதனால் வேலையை விடுவதற்கு முன்பே திருத்திக்கொள்ளுங்கள். விலகிய நாளைக் கம்பெனி பதியவில்லை என்றால், இரண்டு மாதம் கழித்து நீங்களே பதியலாம்.

கான்ட்ராக்டர் பிடித்த பணத்தைக் கட்டவில்லை என்றால், யாருடைய ஆலையில் வேலை பார்த்தீர்களோ அந்த முதன்மை நிறுவனத்துக்கும் பொறுப்பு உண்டு. அதைக் கேட்கச் சம்பளச் சீட்டு வேண்டும். மாதாமாதம் வாங்கி, ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். யூ.ஏ.என். பதிவான போனிலிருந்து 9966044425-க்கு மிஸ்டு கால் கொடுத்தால் கடைசியாகக் கட்டிய தொகை குறுஞ்செய்தியில் வரும். சீட்டில் பிடித்ததாகச் சொல்லும் தொகையும் குறுஞ்செய்தியில் வரும் தொகையும் ஒத்துப்போகிறதா என்று பார்க்க இரண்டு நிமிஷம் போதும்.

சாதிப் பட்டத்தை உதறிவிட்டு அப்பா பெயரின் ஒரு எழுத்தோடு நிற்பதில் குறையொன்றும் இல்லை. படிவத்துக்காக யாரும் புதிதாக ஒரு குடும்பப் பெயரைத் தேட வேண்டாம். இனிஷியல் முன்னால் வரட்டும், பின்னால் வரட்டும், விரித்து வரட்டும். நாலு அட்டையிலும் ஒரே மாதிரி வரணும், அவ்வளவுதான். அடுத்த சம்பளத்துக்குள் நாலையும் பக்கத்தில் வைத்து ஒருமுறை படித்துப் பாருங்கள்.