நினைவு என்னும் சாட்சி

1901-ஆம் ஆண்டு. ஜெர்மனியின் தலைநகரான பெர்லினில், பல்கலைக் கழக வகுப்பு ஒன்று நடந்துகொண்டிருந்தது. பாடம் நடத்தியவர் பிரான்ஸ் பான் லிஸ்ட் என்னும் பேராசிரியர். குற்றவியல் சட்டத்தில் பெரும் புலமை வாய்ந்தவர். ஒரு நூலைப் பற்றிப் பேச்சு நிகழ்ந்தபோது, மாணவர் ஒருவர் திடீரென எழுந்து, அப்பொருளைக் கிறித்தவ அறநெறியின் நோக்கில் ஆராய வேண்டும் என்று உரக்கக் கூறினார். இதைத் தம்மால் பொறுக்க இயலாது என்று மற்றொருவர் சீறினார். தாம் இழிவுபடுத்தப்பட்டதாக முன்னவர் கூவினார். பின்னவர் முட்டியை மடக்கிக்கொண்டு மிரட்டினார். முன்னவரோ கைத்துப்பாக்கியை உருவினார். பேராசிரியர் இடையே புகுந்து அவர் கையைப் பற்றவும், துப்பாக்கி வெடித்தது. வகுப்பு முழுவதும் அல்லோலகல்லோலப்பட்டது.

யாருக்கும் காயம் இல்லை. இருக்கவும் முடியாது. ஏனெனில் அது சண்டையே அன்று. முன்னதாக எழுதி, ஒத்திகை பார்த்து நடிக்கப்பெற்ற ஒரு சிறு நாடகம். பேராசிரியர் வகுப்பை அமைதிப்படுத்தியபின், கண்டதைக் கண்டவாறே எழுதித் தருமாறு மாணவர்களைக் கேட்டார். சிலர் உடனே எழுதினர். சிலர் மறுநாள் எழுதினர். சிலர் ஒரு வாரம் கழித்து எழுதினர். நாடகத்தின் ஒவ்வொரு சொல்லும் செயலும் முன்பே குறித்து வைக்கப்பட்டிருந்தமையால், எழுதியவற்றை அதனோடு ஒத்துப் பார்ப்பது எளிதாயிற்று.

விளைவு யாது? மிகக் குறைவாகப் பிழை செய்தவர் கூறியவற்றிலும் நூற்றுக்கு 26 தவறாக இருந்தன. மிகுதியாகப் பிழை செய்தவர் கூற்றில் நூற்றுக்கு 80 தவறு! வாய் திறவாது உட்கார்ந்திருந்தவர்கள் பேசியதாகச் சிலர் எழுதினர். சண்டையிட்டவர்கள் செய்யாத செயல்களைச் செய்ததாகச் சிலர் எழுதினர். நடந்த முக்கியமான செயல்கள் சிலருக்கு அடியோடு மறந்துபோயின. துப்பாக்கி வெளிவந்த பின்பகுதியில், அதாவது எல்லாரும் கண் கொட்டாது பார்த்திருக்க வேண்டிய பகுதியில், பிழைகள் இன்னும் மலிந்திருந்தன. இவர்கள் கல்வியில்லாதவர்களோ, பொய் சொல்லுபவர்களோ அல்லர். நாளை வழக்கறிஞராகவும் நீதிபதியாகவும் அமரவிருந்த சட்ட மாணவர்கள்.

மறதி வேறு, பொய்யான நினைவு வேறு. இவ்வேறுபாட்டை முதலில் தெளிதல் நலம். மறதியைப் பற்றி ஜெர்மானிய அறிஞர் ஹெர்மன் எபிங்காஸ் 1885-ஆம் ஆண்டிலேயே ஒரு நூல் வெளியிட்டார். பொருளற்ற அசைகளைத் தாமே மனப்பாடம் செய்து, எத்துணை விரைவில் அவை நழுவுகின்றன என்று தம்மையே சோதித்துக் கண்டார் அவர். கற்றதில் பெரும்பகுதி முதல் ஒரு மணி நேரத்திற்குள்ளேயே நழுவுகிறது. எஞ்சியது மெல்ல மெல்லத் தேய்கிறது. தேர்வுக்கு முதல்நாள் இரவு மட்டும் படிப்பவர்கள் இதனை நன்கு அறிவர்! ஆனால் மறந்தவனுக்குத் தான் மறந்தது தெரியும். ‘நினைவில்லை’ என்று அவன் சொல்லிவிடுவான். பொய்யான நினைவு உடையவனுக்கோ ஐயமே எழுவதில்லை. அவன் காணாததைக் கண்டதாகவே நம்புகிறான்.

இது எங்ஙனம் நிகழ்கிறது? அதனைக் கூறுமுன், மாணவர்கள் பின்வரும் சொற்களை ஒரு முறை மட்டும் நிதானமாகப் படித்துவிட்டு மேலே செல்க: கட்டில், பாய், தலையணை, இரவு, கனவு, போர்வை, கொட்டாவி, களைப்பு, விழிப்பு, தாலாட்டு, குறட்டை, ஓய்வு. இவற்றைப் பற்றிப் பின்னர்க் கேட்போம்.

நினைவை நாம் ஒரு நெற்குதிர்போல எண்ணிக்கொள்கிறோம். போட்டதெல்லாம் உள்ளே கிடக்கும்; வேண்டும்போது திறந்து எடுத்துக்கொள்ளலாம் என்பது நம் எண்ணம். கேம்பிரிட்ஜ் பல்கலைக் கழகத்தைச் சேர்ந்த பிரடெரிக் பார்ட்லெட் என்பவர் இக்கருத்தை அசைத்தார். வட அமெரிக்கப் பழங்குடி மக்களின் கதையொன்றை அவர் ஆங்கிலேயர் சிலரைப் படிக்கச் செய்து, சில நேரமும் சில நாளும் சில திங்களும் கழித்துத் திரும்பச் சொல்லுமாறு கேட்டார். அக்கதையில் ஆவிகள் போரிடுகின்றன. நிகழ்ச்சிகள் ஆங்கிலேயர் அறிந்த முறையில் தொடர்வதில்லை. திரும்பச் சொன்னவர்கள் கதையைச் சுருக்கினர். அது மட்டுமன்று, பழங்குடியினரின் தோணி, தேம்சு ஆற்றில் காணும் படகாக மாறிற்று. கடல்நாய் வேட்டைக்குச் சென்றவர்கள் மீன் பிடிக்கச் சென்றவர்கள் ஆயினர். விளங்காத பகுதிகள் விளங்குமாறு திருத்தம் பெற்றன; சிலருடைய கதையில் ஆவிகளே மறைந்தன. வேண்டுமென்று எவரும் மாற்றவில்லை. தம் நாட்டு வழக்கத்திற்குப் பொருந்துமாறு அவர்கள் மனமே கதையைப் புதிதாகக் கட்டிக்கொண்டது. 1932-ஆம் ஆண்டில் வெளிவந்த தம் நூலில் பார்ட்லெட், நினைவுகூர்தல் என்பது வைத்த பொருளை எடுத்தல் அன்று, எஞ்சிய சில துண்டுகளைக் கொண்டு மீண்டும் கட்டுதல் என்று விளக்கினார். இடிந்த வீட்டைக் கட்டும் கொத்தனார், கிடைத்த பழைய செங்கற்களோடு புதுச் செங்கற்களையும் சேர்த்தே கட்டுகிறார். பூச்சு வேலை முடிந்தபின், எது பழையது எது புதியது என்று அவராலும் சொல்ல இயலாது.

இப்புதுச் செங்கல் எங்கிருந்து வருகிறது? பல வேளைகளில், நம்மிடம் கேட்கப்படும் வினாவிலிருந்தே வருகிறது. அமெரிக்க உளநூல் அறிஞரான எலிசபெத் லாப்டசும் அவருடன் பணியாற்றிய ஜான் பால்மரும் 1974-ஆம் ஆண்டில் இதனை அழகாகக் காட்டினர். மோட்டார் வண்டிகள் மோதும் திரைப்படத்தை மாணவர்களுக்குக் காட்டியபின், வண்டிகள் என்ன வேகத்தில் வந்தன என்று வினவினர். வினாவில் ஒரு சொல்லை மட்டும் மாற்றினர். ‘ஒன்றையொன்று தொட்டபோது’ என்று கேட்கப்பட்டவர்கள் சராசரியாக மணிக்கு 31.8 மைல் என்றனர். ‘இடித்தபோது’ என்று கேட்கப்பட்டவர்கள் 34 மைல் என்றனர். ‘மோதி நொறுங்கியபோது’ என்று கேட்கப்பட்டவர்களோ 40.5 மைல் என்றனர். எல்லாரும் கண்ட படங்கள் ஒன்றே.

இதனினும் வியப்பானது மற்றொரு சோதனை. ஒரு வாரம் கழித்து வேறு மாணவர்களிடம், உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை. ஆயினும் ‘நொறுங்கிய’ என்ற சொல்லை முன்பு கேட்ட 50 பேரில் 16 பேர் பார்த்தோம் என்றனர். ‘இடித்த’ என்ற சொல்லைக் கேட்ட 50 பேரில் அவ்வாறு கூறியவர் 7 பேரே. ஒரு சொல் ஒரு வாரக்காலம் உள்ளத்தில் தங்கி, இல்லாத கண்ணாடியை உடைத்துவிட்டது!

விடையைத் தன்னுள்ளே வைத்திருக்கும் வினா தீங்கு பயக்கும் என்பதைச் சட்டம் வகுத்தோர் உளநூலாருக்கு முன்பே உணர்ந்திருந்தனர் என்றே தோன்றுகிறது. ஒரு தரப்பார் தம் சாட்சியை முதலில் விசாரிக்கும்போது, எதிர்த் தரப்பார் தடை கூறினால், அத்தகைய வினாவை நீதிமன்றத்தின் இசைவின்றிக் கேட்கலாகாது என்று 1872-ஆம் ஆண்டின் இந்தியச் சாட்சியச் சட்டம் விதித்தது. அதற்கு மாற்றாக 2024 சூலை முதல் நாளில் நடைமுறைக்கு வந்த புதிய சட்டமும் இவ்விதியைக் கைவிடவில்லை.

கண்ட நிகழ்ச்சியில் ஒரு துண்டு மாறுவது இருக்கட்டும். நிகழாத ஒன்றே முழு நினைவாக அமைதலும் உண்டு. குழந்தைகளின் அறிவு வளர்ச்சியை ஆராய்ந்து உலகப் புகழ் பெற்ற சுவிட்சர்லாந்து அறிஞர் ஜான் பியாஜேயின் வாழ்க்கையே இதற்குச் சான்று. கைக்குழந்தையாகத் தள்ளுவண்டியில் அமர்ந்து, செவிலியுடன் பாரிசு நகரத்துப் பெருஞ்சாலை ஒன்றில் சென்றபோது, ஒருவன் தம்மைக் கடத்திச் செல்ல முயன்றதை அவர் தெளிவாக நினைவில் வைத்திருந்தார். செவிலி குறுக்கே நின்று போராடியது, அவள் முகத்தில் ஏற்பட்ட கீறல்கள், கூடிய கூட்டம், குட்டை மேலங்கியும் வெள்ளைக் கோலும் உடைய காவலர் வந்தது, கள்வன் ஓடியது ஆகிய அனைத்தும் அவர் அகக்கண்ணில் நின்றன. அவருக்குப் பதினைந்து வயது இருக்கும்போது, அச்செவிலியிடமிருந்து பெற்றோருக்கு ஒரு கடிதம் வந்தது. சமயப் பணியில் ஈடுபட்டு மனம் மாறிய அவள், அக்கதை முழுவதும் தன் கற்பனையே என்றும், கீறல்களும் தானே செய்துகொண்டவை என்றும் ஒப்புக்கொண்டு, அன்று பரிசாகப் பெற்ற கடிகாரத்தையும் திருப்பித் தந்தாள். பெற்றோர் நம்பிச் சொல்லிவந்த கதையைச் சிறுவயதில் கேட்டு, அதனைத் தாம் கண்ட காட்சியாக ஆக்கிக்கொண்டதாகப் பியாஜே பின்னர் எழுதினார்.

அறிஞருக்கு நேர்ந்தது எனக்கும் நேர்ந்தது. எங்கள் பாட்டனார் வீட்டு வேப்பமரம் ஒரு புயலிரவில் சாய்ந்து மாட்டுக் கொட்டகையின்மேல் விழுந்ததைத் திண்ணையில் நின்று பார்த்ததாக நான் பலரிடம் கூறியதுண்டு. ஒருநாள் என் தமக்கையார் சிரித்துவிட்டு, “தம்பி, அந்த மரம் விழுந்து மூன்று ஆண்டு கழித்தல்லவா நீ பிறந்தாய்?” என்றார். ஐப்பசி மழை பெய்யும்போதெல்லாம் பாட்டியார் அக்கதையைச் சொல்லுவார். அவர் சொற்களே எனக்குக் கண்களாயின போலும். உண்மை தெரிந்து பல ஆண்டுகள் ஆகியும், கண்ணை மூடினால் அம்மரம் இன்றும் விழத்தான் செய்கிறது.

இப்பொழுது முன்பு படித்த சொற்களுக்கு வருவோம். பக்கத்தைத் திருப்பிப் பாராமல் விடை கூறுக. ‘கொட்டாவி’ அங்கே இருந்ததா? ‘நாற்காலி’ இருந்ததா? ‘உறக்கம்’ இருந்ததா? கொட்டாவி இருந்தது, நாற்காலி இல்லை, உறக்கமும் இல்லை. உறக்கம் இருந்ததாக உங்களில் பலர் எண்ணியிருத்தல் கூடும்; வெட்கப்பட வேண்டுவதில்லை. அமெரிக்க அறிஞர்கள் ரோடிகர், மெக்டெர்மாட் இருவரும் இவ்வகைப் பட்டியல்களைக் கொண்டு 1995-ஆம் ஆண்டில் நடத்திய முதற் சோதனையில், இல்லாத அச்சொல்லை இருந்ததாக எழுதியவர்கள் நூற்றுக்கு நாற்பது என்னும் அளவில் இருந்தனர். மனம் சொற்களைத் தனித்தனியே சேர்த்து வைக்காமல், அவற்றின் பொதுப் பொருளைப் பற்றிக்கொள்கிறது. இதனைக் குறை என்று மட்டும் கூறுதல் முறையன்று. பொருளைப் பற்றும் இவ்வாற்றல் இல்லையேல், படித்த பாடத்தின் கருத்தை நம் சொந்த நடையில் எழுதவும் இயலாது.

உணர்ச்சி மிக்க நிகழ்ச்சிகளேனும் மாறாமல் நிற்குமா? 1986 சனவரி 28-ஆம் நாள், அமெரிக்காவின் சேலஞ்சர் விண்ணோடம் புறப்பட்ட 73 வினாடிகளில் சிதைந்து, அதிலிருந்த எழுவரும் மாண்டனர். மறுநாட் காலையிலேயே எமரி பல்கலைக் கழகப் பேராசிரியர் அல்ரிக் நைசர், அச்செய்தியை எவ்வாறு அறிந்தீர்கள் என்று தம் மாணவர்களை எழுதித் தரச் செய்தார். ஏறத்தாழ இரண்டரை ஆண்டுகள் சென்றபின், அவர்களில் 44 பேரிடம் அவ்வினாவையே மீண்டும் கேட்டார். வகுப்பில் அமர்ந்திருந்தபோது பிறர் பேசக் கேட்டதாக முதலில் எழுதிய மாணவி ஒருவர், தம் அறையில் தோழியுடன் தொலைக்காட்சியில் கண்டதாக உறுதியாகக் கூறினார். 44 பேரில் 11 பேர் முதன்மையான செய்திகள் அனைத்திலும் தவறினர். தம் கையெழுத்தையே காட்டியபோதும் பழைய நினைவு அவர்களுக்குத் திரும்பவில்லை. வியந்து நோக்கினர், அவ்வளவே. 

நைசர் தம்மையும் விட்டுவைக்கவில்லை. 1941 திசம்பர் 7-ஆம் நாள் பேர்ல் துறைமுகம் தாக்கப்பட்ட செய்தியை, வானொலியில் பேஸ்பால் ஆட்டம் கேட்டுக்கொண்டிருந்தபோது அறிந்ததாக அவர் பல்லாண்டுகள் நினைத்திருந்தார். திசம்பர்த் திங்களில் அமெரிக்காவில் பேஸ்பால் போட்டியே நடைபெறுவதில்லை என்பது நெடுங்காலம் அவருக்குத் தோன்றவே இல்லை!

இவையெல்லாம் புன்னகையோடு படித்துச் செல்லத்தக்கவை. ஆனால் பிறனொருவனின் வாழ்வு நம் நினைவில் தொங்கும்போது புன்னகைக்க இடமில்லை. 1984-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் வட கரோலினா மாநிலத்தில், கல்லூரி மாணவி ஒருவரை இரவில் வீடு புகுந்து ஒருவன் கொடிதாகத் தாக்கினான். அவ்வேளையிலும் அப்பெண் மனம் தளராது, பின்னர் அடையாளம் காட்ட வேண்டும் என்று அவன் முகத்தைக் கூர்ந்து நோக்கினார். காவலர் சில நிழற்படங்களைக் காட்டினர். அவர் நெடுநேரம் ஆராய்ந்து ஒருவரைச் சுட்டினார். பிறகு சிலரை நேரில் நிறுத்தியபோதும் அவரையே சுட்டினார். படத்தில் காட்டியவரும் இவரே என்று காவலர் கூறவே, இருந்த சிறு தயக்கமும் நீங்கிற்று. சுட்டப்பட்டவருக்கு வாழ்நாட் சிறை விதிக்கப்பட்டது. உண்மைக் குற்றவாளியைப் பின்னொரு விசாரணையில் நேருக்கு நேர் நிறுத்தியபோது, இவரை நான் பார்த்ததே இல்லை என்றார் அப்பெண். அவர் பொய் சொல்லவில்லை. நிழற்படத்தில் கண்ட முகம், இருளில் கண்ட முகத்தின் இடத்தில் அமர்ந்துவிட்டது.

1995-ஆம் ஆண்டில் மரபணுச் சோதனை உண்மையை வெளிப்படுத்திற்று. பத்தாண்டுகளுக்கு மேல் சிறையில் கழித்தபின் அக்குற்றமற்றவர் வெளிவந்தார். அமெரிக்காவில் மரபணுச் சோதனையால் இவ்வாறு விடுதலை பெற்ற பலருள் பெரும்பாலோர், கண்ணால் கண்ட சாட்சியின் பிழையாலேயே சிறை புகுந்தவர் ஆவர்.

இரண்டாண்டுகள் சென்றபின் அப்பெண்மணி அவரைச் சந்தித்து மன்னிப்பு வேண்டினார். அவரும் மன்னித்தார். இருவரும் நண்பராகிப் பல ஊர்களுக்கும் சென்று, அடையாளம் காட்டும் முறை திருந்த வேண்டும் என்று பேசினர். வட கரோலினா மாநிலம் 2007-ஆம் ஆண்டில் அதற்கெனச் சட்டம் இயற்றியது. அதன்படி, ஐயத்துக்கு உரியவர் யார் என்று அறியாத அலுவலரே சாட்சிக்கு ஆட்களையோ படங்களையோ காட்டுதல் வேண்டும்; குற்றவாளி இவர்களுள் இல்லாமலும் இருக்கலாம் என்பதை முன்னரே சாட்சிக்குச் சொல்லுதல் வேண்டும்; சுட்டியவுடன், எவ்வளவு உறுதியாகச் சுட்டுகிறார் என்பதை, பிறர் ஒரு சொல்லும் கூறுமுன், அவர் வாய்மொழியாகவே எழுதிக்கொள்ளுதல் வேண்டும்.