சிகிச்சையை நிறுத்துவது கைவிடுவதா?



தீவிர சிகிச்சைப் பிரிவின் வாசலில் நிற்கும் குடும்பத்தாரிடம் மருத்துவர்கள் சில வேளைகளில் ஒரு கடினமான கேள்வியைக் கேட்கிறார்கள்: "இனிக் குணமாகும் வாய்ப்பு இல்லை. மூச்சுக் கருவியைத் தொடரலாமா?" வேண்டாம் என்றால் பெற்ற தாயை நாமே கொன்றதாகிவிடுமோ என்று பிள்ளைகளின் மனம் பதறுகிறது. இது பாவமா என்று நம்மிடம் கேட்பவர்களும் உண்டு.

இதே கேள்வியோடு வாழ்ந்தவர் அமெரிக்க மருத்துவர் ஜெசிகா சிட்டர். தீவிர சிகிச்சை நிபுணரான அவர், எப்படியாவது உயிரை நீட்டிப்பதே கடமை என்று பயின்றவர். இறந்துகொண்டிருந்த ஒரு நோயாளியின் உடலில் இன்னுமொரு குழாயைச் செலுத்த அவர் முற்பட்டபோது, இது சித்திரவதை என்று ஒரு செவிலியர் கடிந்துகொண்டார். அது அவரைச் சிந்திக்க வைத்தது. வலியைத் தணித்து ஆறுதல் தரும் நோய்த்தணிப்பு மருத்துவத்தையும் அவர் மேற்கொண்டார்.

ஓக்லாந்து நகரின் ஹைலண்ட் மருத்துவமனையில் அவரது பணியைக் காட்டிய 'எக்ஸ்ட்ரீமிஸ்' (2016) ஆவணப்படம் ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. பின்னர் அவரே படம் இயக்கத் தொடங்கினார். 2020இல் வெளிவந்த அவரது படம், சாகும் தறுவாயிலுள்ள மனைவியை வீட்டில் வைத்துப் பராமரிக்கும் கணவரின் அன்பையும் களைப்பையும் காட்டுகிறது. மற்றொரு படம், மருத்துவமனையின் ஆன்மப் பணியாளர் பெட்டி கிளார்க்கும் அவரும் நோயாளிகளிடையே இணைந்து ஆற்றும் பணியைச் சொல்கிறது. சிட்டர் யூதர், கிளார்க் ஆப்பிரிக்க-அமெரிக்கர். மரணப் படுக்கையருகே இருவரும் ஒன்றுபடுகிறார்கள்.

நமது திருச்சபையின் போதனை என்ன? 1957இலேயே திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ், உயிரைக் காக்க வழக்கமான வழிகளைக் கையாள்வதே கடமை, பெரும் சுமையாகும் அசாதாரண வழிகள் கட்டாயமல்ல என்று விளக்கினார். கத்தோலிக்க மறைக்கல்வி ஏடும் (எண் 2278) இதையே கற்பிக்கிறது. அத்தகைய சிகிச்சையை நிறுத்தும்போது நாம் சாவை வரவழைப்பதில்லை. அதைத் தடுக்க முடியாத நம் இயலாமையை ஏற்கிறோம். ஆனால் சாகச் செய்யும் நோக்கத்தோடு ஊசி போடுவதும், தேவையான பராமரிப்பை மறுப்பதும் கொலையே. உடல் ஏற்கும்வரை உணவும் நீரும், வலி தணிப்பும், தூய்மையும் அளிப்பது நம் கடமை. 2020இல் வத்திக்கான் வெளியிட்ட 'சமாரித்தானுஸ் போனுஸ்' மடல் இதை மீண்டும் உறுதிப்படுத்தியது.

எனவே சிகிச்சையை நிறுத்தலாம். நோயாளியைக் கைவிடக் கூடாது. சிலுவையடியில் நின்ற அன்னை மரியாவால் ஆணிகளைப் பிடுங்க முடியவில்லை. ஆயினும் அவர் அகன்று போகவில்லை.

நாம் செய்யக்கூடியவை சில உண்டு. பெற்றோர் நினைவோடு இருக்கும்போதே, இறுதி நாள்களில் எதை விரும்புகிறார்கள் என்று அமைதியாகக் கேட்டறிவோம். இரவும் பகலும் படுக்கையருகே இருக்கும் மருமகளையோ மகனையோ ஓர் இரவாவது ஓய்வெடுக்கச் செய்வோம். 'அவஸ்தை' என்ற பழைய பெயருக்கு அஞ்சி, நினைவு தப்பியபின் குருவை அழைக்கும் வழக்கத்தை விடுவோம். நோயில்பூசுதல் சாகிறவர்களுக்கு மட்டுமான அருட்சாதனம் அல்ல என்று இரண்டாம் வத்திக்கான் சங்கம் தெளிவுபடுத்தியுள்ளது. பேசவும் பாவசங்கீர்த்தனம் செய்யவும் நற்கருணை உட்கொள்ளவும் இயலும்போதே அழையுங்கள்.

நன்மரணத்தின் பாதுகாவலரான புனித சூசையப்பர் நமக்காகப் பரிந்து பேசுவாராக.