வாஞ்சியின் கையில் இருந்தது ரிவால்வரா?

அதிராம்பட்டினத்தில் உப்பளங்களைப் பார்த்து வளர்ந்த பிள்ளைகளுக்கு வேதாரண்யம் உப்பு சத்தியாக்கிரகத்தைக் கற்பிப்பது சுலபம். 1930-இல் ராஜாஜி உப்பெடுத்த கரை நம் ஊருக்குக் கிழக்கேதானே இருக்கிறது! ஆயினும் சென்ற வாரம் என் வகுப்புப் பையன்களின் மனம் அங்கே நிற்கவில்லை. மணியாச்சி ரயில் நிலையத்துக்கு ஓடிவிட்டது. 1911-ஆம் வருஷம் ஜூன் 17-ஆம் தேதி, செங்கோட்டை வாஞ்சிநாதன் ரயில் பெட்டியில் இருந்த திருநெல்வேலி ஜில்லா கலெக்டர் ஆஷைச் சுட்டுவிட்டுத் தம்மையும் சுட்டுக்கொண்டு மாண்டார். "ரிவால்வரால் சுட்டார்" என்றேன். கடைத்தெருவில் கடிகாரம் பழுதுபார்ப்பவரின் மகன் எழுந்து, "ஸார், ரிவால்வரில் எது சுழலும்?" என்று கேட்டான்.

சுழல்வது உருளை. தடித்த இரும்பு உருளையில் வட்டமாக ஐந்தோ ஆறோ துளைகள் இருக்கும். ஒவ்வொரு துளையும் ஒரு தோட்டாவுக்கு அறை. உருளைக்கு முன்னே குழல், பின்னே சுத்தி, கீழே விசை. சுத்தியை நம் பழைய துப்பாக்கிக்காரர்கள் 'குதிரை' என்பார்கள். இவற்றையெல்லாம் தாங்கும் சட்டத்தின் அடிப்பாகமே கைப்பிடி.

விசையை இழுத்ததும் நடப்பதைக் கடிகாரக்காரர் மகனுக்கு விளக்குவதில் சிரமமே இல்லை. சுவர்க் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கும்போது 'டிக் டிக்' என்று கேட்கிறதே, அது பற்சக்கரத்தின் மேல் ஒரு சிறு நாக்கு ஏறி விழும் ஓசை. ரிவால்வரிலும் உருளையின் பின்புறம் அத்தகைய பற்கள் உண்டு. விசை பின்னே வர வர ஒரு நாக்கு மேலெழும்பிப் பல்லைத் தள்ளும்; ஆறு அறை உருளையானால் ஆறில் ஒரு பங்கு திரும்பும். உடனே கீழிருந்து ஒரு பூட்டு எழும்பி உருளையின் பள்ளத்தில் விழுந்து அதை நிறுத்திவிடும். இந்தப் பூட்டு தேய்ந்துபோனால் அறை குழலுக்கு நேராக நிற்காது; அது சுடுகிறவனுக்கே ஆபத்து. இதே நேரத்தில் சுத்தியும் பின்னே சாய்ந்து ஸ்பிரிங்கை அழுத்துகிறது. கடைசியில் பிடி விட்டதும் அது பாய்ந்து தோட்டாவின் அடிமருந்து தட்டுப்படச் செய்கிறது. குண்டு, குழலின் உட்புறத்துச் சுருள் வரிகளில் சுழன்று வெளியேறுகிறது.

1836-இல் அமெரிக்காவில் சாமுவேல் கோல்ட் காப்புரிமை பெற்ற ரிவால்வரில், ஒவ்வொரு முறையும் சுத்தியைக் கட்டைவிரலால் பின்னே இழுக்க வேண்டும். விசையை இழுப்பதொன்றே போதும்படி 1851-இல் இங்கிலாந்தில் ராபர்ட் ஆடம்ஸ் செய்தார். ரிவால்வரின் பெரிய வசதி ஒன்றுண்டு: ஒரு தோட்டா வெடிக்காவிட்டால் மீண்டும் விசையை இழுக்கலாம், அடுத்தது தானே வந்து நிற்கும்.

இவ்வளவும் சொல்லி முடித்துவிட்டு, இரவு வீட்டில் சரித்திர நூல்களைப் புரட்டினேன். வாஞ்சி சுட்டது பெல்ஜியத்தில் செய்த பிரௌனிங் பிஸ்டலால்! அதில் சுழலும் உருளையே கிடையாது. தோட்டாக்கள் கைப்பிடிக்குள் ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கப்பட்டிருக்கும். முதல் தோட்டாவை ஏற்ற மேற்பகுதியைக் கையால் பின்னே இழுத்துவிட வேண்டும். பிறகு ஒவ்வொரு வெடியின் உதைப்பிலும் அது தானே பின்சென்று காலிக் குப்பியை வெளியே எறிந்து, திரும்புகையில் புதிய தோட்டாவை ஏற்றிக்கொள்ளும். ரிவால்வரிலோ காலிக் குப்பிகள் நாம் தட்டும்வரை உருளையிலேயே இருக்கும். பிஸ்டல் தட்டையானது, உருளையின் புடைப்பு இல்லாததால் சட்டைக்குள் மறைப்பது எளிது.

1878-ஆம் வருஷத்து ஆயுதச் சட்டம் இந்தியரை லைசென்ஸ் இல்லாமல் துப்பாக்கி வைத்திருக்கத் தடுத்தது; வெள்ளையருக்கு விலக்கு அளித்தது. அந்தக் காலத்தில் பிரௌனிங்குகள் இங்கே வந்தது எப்படி? 1909-இல் லண்டனிலிருந்து ஸாவர்க்கர் இருபது பிரௌனிங்குகளைப் பம்பாய்க்கு இரகசியமாக அனுப்பினார். அவ்வருஷம் டிசம்பர் 21-இல் நாசிக் கலெக்டர் ஜாக்ஸன் சுடப்பட்டது அவற்றில் ஒன்றால்தான். வாஞ்சிக்குச் சுடக் கற்றுக்கொடுத்தவர், பிரெஞ்சுப் புதுச்சேரியில் தங்கியிருந்த வ. வே. ஸு. ஐயர்.

மறுநாள் வகுப்பில் தவற்றை ஒப்புக்கொண்டேன். கடிகாரக்காரர் மகன், "அப்படியானால் உருளைக் கதை வீணா, ஸார்?" என்றான். பையன்கள் சிரித்தார்கள். இருபது வருஷமாக என் குறிப்புப் புத்தகத்தில் 'ரிவால்வர்' என்றே எழுதியிருந்தது. அதைச் சிவப்பு மையால் அடித்துப் 'பிஸ்டல்' என்று எழுதி அவனிடமே காட்டினேன்.